மூன்று பேர், ஒரு ஓசூர் பஸ்: ‘குறையில்லாத’ குடும்பங்களின் நிகழ்வு ஆய்வு

“அடிக்கிறானா? குடிக்கிறானா? வேற சகவாசம் ஏதாவது இருக்கா? இல்லன்னா உனக்கு என்னம்மா குறை?”

கிருஷ்ணகிரி, தருமபுரி பக்கம் ஒரு மனைவி கோபித்துக்கொண்டு வீட்டைவிட்டு இறங்கினால் காவல் நிலைய மேசையிலும் ஊர் மரத்தடியிலும் தாய்வீட்டுத் திண்ணையிலும் இதையேதான் கேட்கிறார்கள். எல்லாவற்றுக்கும் “இல்லை” என்று பதில் வந்துவிட்டால் கேட்பவருக்கு மேற்கொண்டு கேட்கத் தெரிவதில்லை. “அப்ப போயி பொழைக்கிற வழியப் பாரு” என்று பேச்சை முடித்துவிடுகிறார்கள். அப்படி எல்லாவற்றுக்கும் “இல்லை” சொன்ன மூன்று பெண்களைப் பற்றியது இந்த ஆய்வு. குடும்ப ஆலோசகர்களும் மகளிர் குழு ஊக்குநர்களும் களப்பணியாளர்களும் கையில் வைத்துக்கொள்வதற்காக எழுதப்பட்டது. ஆட்கள் அடையாளம் தெரியக்கூடாது என்பதால், ஒரே மாதிரியான சில குடும்பங்களில் கண்டதை ஒரே நிகழ்வாகச் சேர்த்திருக்கிறோம். தொகைகளும் நேரங்களும் அந்தக் குடும்பங்களின் வரவு செலவை ஒட்டியவை.

நிகழ்வு

காவேரிப்பட்டணத்துக்கும் போச்சம்பள்ளிக்கும் இடைப்பட்ட ஒரு மாந்தோப்பு ஊர். மூத்தவருக்கு 36 வயது. வீட்டு நடையில் மிஷின் போட்டு ரவிக்கை தைப்பவர். ஊரே ‘டைலர் அக்கா’ என்று கூப்பிடுகிறது. அடுத்தவருக்கு 31, இரண்டு கறவை மாடு, இரண்டு பிள்ளைகள். இவரை ‘மாட்டுக்காரர்’ என்போம். இளையவர் 26 வயதுப் பட்டதாரி. பி.எஸ்சி கணிதம் முடித்த கையோடு கல்யாணம், மூன்று வயதில் ஒரு பெண் குழந்தை. மூவரும் ஒரே குழுக்கடனில் உறுப்பினர்கள். தினமும் சாயங்காலம் பால் சொசைட்டி வாசலில், டெஸ்ட் முடிந்து கேன் திரும்பி வரும் வரைக்கும் இருபது நிமிடம் கிடைக்கும். இவர்கள் உட்கார்ந்து பேச அன்றைக்கு இருந்தது அவ்வளவுதான்.

ஒரு வியாழக்கிழமை காலை, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு, மூவரும் குழந்தையோடு கிருஷ்ணகிரி போய் அங்கிருந்து ஓசூர் பஸ் ஏறினார்கள். எலக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் ஆள் எடுக்கிறார்கள், ஒரு ரூம் பிடித்துத் தங்கி வேலை பார்க்கலாம் என்பது திட்டம். கையில் 37,000 ரூபாய். சீட்டு எடுத்தது 12,000, டைலர் அக்காவின் தையல் காசு 9,000, பட்டதாரியின் கம்மலை அடகு வைத்தது 16,000.

அன்று ராத்திரி மூன்று வீட்டிலும் வாயைத் திறக்கவில்லை. வெளியே தெரிந்தால் மானம் போகும் என்று காத்திருந்தார்கள். ஆனால் வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்குக் குழுக்கடன் வசூல். பத்துப் பேர் குழுவில் மூன்று பேரைக் காணோம். ஆளுக்கு 50,000 கடன், 24 மாதத் தவணை, வருடத்துக்கு 24 சதவீத வட்டி என்றால் மாதம் ஏறக்குறைய 2,640 ரூபாய். மூன்று பேருடையது 7,920. மீதி ஏழு பேர் தலையில் ஆளுக்கு 1,130க்கு மேல். அந்த ஏழு பேர் வீட்டு வாசலில் வந்து நின்றபோதுதான் ஊருக்கு விஷயம் தெரிந்தது. பதினோரு மணிக்கெல்லாம் “மூணு பேரும் எவனோடயோ ஓடிட்டாங்க” என்பதுவரை பேச்சு வளர்ந்துவிட்டது. மதியம் ‘பெண் காணவில்லை’ என்று புகார் கொடுத்தார்கள். சனிக்கிழமை மூவரும் தாமாகவே திரும்பி வந்தார்கள்.

வந்தவர்கள் காவல் நிலையத்தில் வாக்குமூலம் கொடுத்ததும், மாவட்ட ஒருங்கிணைந்த சேவை மையத்துக்கு அனுப்பப்பட்டார்கள். வன்முறைக்கு ஆளான பெண்களுக்கான இந்த மையத்தில் ஐந்து நாள் வரை தங்கலாம். ஆனால் இவர்கள் கேட்டது தங்குமிடம் இல்லை. பட்டதாரி சொன்னது கோப்பில் அப்படியே இருக்கிறது: “எங்க வீட்டுக்காரர் நல்லவருங்க. அதுதான் பிரச்சினையே. நல்லவரு வீட்ட விட்டு ஏன் போறேன்னு கேட்டா நான் என்னன்னு சொல்றது?”

ஓசூரில் நடந்தது

திட்டம் ஓசூரில் எங்கே உடைந்தது என்று தனித்தனியாகக் கேட்டு எழுதினோம். மனசு மாறித் திரும்பவில்லை. உடைந்ததெல்லாம் பணமும் காகிதமும்தான்.

ஆறாயிரம் வாடகை ரூமுக்கு ஐம்பதாயிரம் அட்வான்ஸ் கேட்டார்கள். பெங்களூருக்குப் பக்கம் என்பதால் ஓசூரில் பல மாத வாடகையை முன்பணமாகக் கேட்பது பழக்கம். பெண்கள் விடுதியில் ஆளுக்கு 6,500, சாப்பாட்டோடு. ஆனால் குழந்தையைச் சேர்ப்பதில்லை. முதல் நாள் ராத்திரி ஒரு தெரிந்தவர் வீட்டுத் தாழ்வாரத்தில் படுத்தார்கள்.

ஆள் எடுக்கும் இடத்தில் டைலர் அக்காவைப் பார்த்ததுமே வயதைக் கேட்டு ஒதுக்கிவிட்டார்கள். அசெம்பிளி லைனுக்குப் பதினெட்டிலிருந்து இருபத்தைந்து, மிஞ்சினால் இருபத்தெட்டு என்று ஏஜென்ட்கள் வாய்மொழியாகச் சொல்வது வழக்கம், எழுத்தில் தரமாட்டார்கள். ஆள் எடுப்பில் பெண் என்பதற்காகப் பாகுபாடு காட்டக்கூடாது என்பது 1976 சம ஊதியச் சட்டக் காலத்திலிருந்தே இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு கேட் முன்னால் நின்று வாதாடி யாரும் வேலை வாங்கியதாகத் தெரியவில்லை.

மாட்டுக்காரரிடம் பத்தாம் வகுப்புச் சான்றிதழ் இல்லை. அது மாமியார் பீரோவில். பட்டதாரி எல்லாச் சான்றிதழையும் எடுத்துக்கொண்டுதான் போயிருந்தார். ஆனால் ஆதாரில் இருந்தது கணவரின் செல் நம்பர். ஆன்லைனில் பதிவு செய்யும்போது ஓ.டி.பி. அவர் போனுக்குப் போனது. மூவரும் எங்கே இருக்கிறார்கள் என்று வீட்டுக்குத் தெரிந்தது அந்த ஓ.டி.பி. வழியாகத்தான்.

வேலை தேடும் எந்தப் பெண்ணுக்கும் நாங்கள் முதலில் செய்யச் சொல்வது இதைத்தான். சொந்தமாக ஒரு சிம், அந்த நம்பர் ஆதாரில், அதே நம்பர் வங்கிக் கணக்கில். ஆதாரில் செல் நம்பர் மாற்ற எந்த ஆவணமும் வேண்டாம், கணவரும் வர வேண்டாம். ஆதார் மையத்துக்கு நேரில் போய்க் கைரேகை வைத்தால் போதும். இதை முடிக்காமல் மற்றதைத் தொடங்கினால் ஒவ்வொரு படியிலும் இன்னொருவர் போனைப் பார்த்து நிற்க வேண்டிவரும்.

முதல் சந்திப்பில் கேட்க வேண்டியது

“எங்கயாவது போயிடலாம்னு இருக்கு.” மூன்று பேரும் வெவ்வேறு நேரத்தில் இதைச் சொன்னார்கள். நம் பக்கத்தில் இந்தப் பேச்சுக்கு இரண்டு பொருள் உண்டு. ஊரைவிட்டுப் போவது ஒன்று, உயிரைவிட்டுப் போவது இன்னொன்று. எது என்று ஊகிக்கக்கூடாது. நேராகக் கேட்க வேண்டும். “போறதுன்னா வேற ஊருக்கா, இல்ல உசுர விட்டுடலாம்னு தோணுதா?” கேட்டால் இல்லாத நினைப்பை மூட்டிவிடுவோமோ என்ற பயம் புதிய பணியாளர்களுக்கு இருக்கிறது. அது வீண் பயம். கேட்டதும் பெரும்பாலும் பெருமூச்சு விட்டுப் பேசத் தொடங்குவார்கள். “ஆமா” என்றால் அன்றைய வேலை அதுதான், மற்றதெல்லாம் பிறகு. வீட்டில் பூச்சிமருந்து எங்கே இருக்கிறது, அதை யார் பூட்டி வைப்பார், இன்று ராத்திரி கூட யார் படுப்பார், மாவட்ட மனநலக் குழுவிடம் எப்போது அழைத்துப் போவது என்பதையெல்லாம் முடிவு செய்யாமல் அனுப்பக்கூடாது. டெலி மானஸ் மனநல உதவி எண் 14416, பெண்கள் உதவி எண் 181 இரண்டையும் போனில் ஏற்றிக் கொடுத்துவிட வேண்டும்.

மாட்டுக்காரரின் பதில் “ரெண்டும்தான்” என்று வந்தது. அவருக்கு ஆரம்ப சுகாதார நிலையத்தில் ரத்தம் பார்த்ததில் ஹீமோகுளோபின் 8.4. இரும்புச்சத்து மாத்திரையும் மனநல ஆலோசனையும் சேர்த்தே தொடங்கினார்கள். இங்கே ஒரு எச்சரிக்கை. ரத்தசோகை தெரிந்ததும் குடும்பத்தார், “அப்ப உடம்புதான் காரணம், மனசுல ஒண்ணுமில்ல” என்று நிம்மதியாகிவிடுகிறார்கள். சோர்வுக்கு அது ஒரு காரணம். ஓசூர் பஸ்ஸுக்கு அது காரணமில்லை.

நேரக் கணக்கு

குறை என்னவென்று வாயால் சொல்ல முடியாதவர்களிடம் நோட்டுப் புத்தகத்தைக் கொடுப்பது பலன் தரும். ஏழு நாள், எழுந்ததிலிருந்து படுக்கும்வரை, என்ன வேலை, எத்தனை நிமிடம். எழுத வராதவர்களுக்குப் பள்ளிக்கூடப் பிள்ளை எழுதலாம். ஆனால் அந்த வீட்டுப் பிள்ளையாக இருக்கக்கூடாது. மாட்டுக்காரரின் ஒரு சாதாரண நாள் இப்படி இருந்தது:

விடிகாலை 4.40க்கு எழுந்து சாணி அள்ளி, கட்டுத்தரை கழுவ 40 நிமிடம். கறவை 30. சொசைட்டிக்கு நடந்து போய், பால் டெஸ்ட் ஆகி, திரும்பி வர 40. பிறகு சமையல், பிள்ளைகளைக் கிளப்புவது, டிபன் பாக்ஸ் 110 நிமிடம். பாத்திரம், துணி, கூட்டிப் பெருக்குவது 80. பத்து மணிக்குப் புல் அறுக்கப் போனால் இரண்டு மணி நேரம். மதியம் களி கிண்டி, கீரை கடைந்து, மாமியாருக்கும் வேலைக்காரருக்கும் போட்டு, தான் சாப்பிட்டு எழ 75. மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக் கட்டு மாற்ற 30. சாயங்காலம் தீவனம், கறவை, மறுபடி சொசைட்டி 90. ராத்திரிச் சமையல், பிள்ளைகளின் வீட்டுப்பாடம், அடுப்படி ஒழிப்பது 180.

கூட்டினால் 13 மணி 15 நிமிடம். அதில் மாட்டுக்கு மட்டும் 5 மணி 50 நிமிடம். டெம்போ ஓட்டும் கணவர் அதே வாரத்தில் வீட்டு வேலைக்குத் தந்தது நாளுக்கு 25 நிமிடம், அதுவும் பெரும்பாலும் தண்ணீர் மோட்டார் போட்டு நிறுத்துவது. தேசியப் புள்ளியியல் அலுவலகத்தின் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பில், 2019ல் வீட்டு வேலை செய்யும் பெண்கள் அதற்கு நாளுக்கு 299 நிமிடமும் ஆண்கள் 97 நிமிடமும் செலவிட்டார்கள். 2024ல் அது 289, 88. விற்கிற பாலுக்கான மாட்டு வேலை இந்தக் கணக்கில் வராது. அதனால் கறவை மாடு உள்ள வீட்டில் இந்த எண்ணை வைத்துக்கொண்டு பேசினால் பெண்ணின் நாளில் பாதி விட்டுப்போகும்.

அடுத்து பணம். இரண்டு மாடும் சேர்ந்து நாளுக்கு 14 லிட்டர். கொழுப்பும் இதரச் சத்தும் பார்த்து லிட்டருக்கு 35 ரூபாய் என்று வைத்தால் நாளுக்கு 490, மாதம் 14,700. தீவனம் நாளுக்கு 8 கிலோ, கிலோ 30 என்றால் மாதம் 7,200. மிச்சம் 7,500. இந்த 7,500ம் சொசைட்டியில் உறுப்பினராகப் பெயர் கொடுத்திருப்பவர் கணக்கில் விழுகிறது. அந்தப் பெயர் கணவருடையது. மாட்டைத் தொட்டு நாளாகிவிட்ட ஒருவரின் பாஸ்புக்கில், தினம் ஆறு மணி நேரம் வேலை செய்பவரின் சம்பளம். இத்தனை வருடத்தில் இதை மாட்டுக்காரர் ஒரு தடவைகூடக் கூட்டிப் பார்த்ததில்லை. கூட்டிக் காட்டியபோது வெகுநேரம் நோட்டையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “தீவனக் காசு கூட நான்தான் அவருகிட்ட கை நீட்டிக் கேப்பேன்” என்றார்.

டைலர் அக்காவின் நோட்டு வேறு மாதிரி. அவருக்கு வேலையும் வருமானமும் இருந்தன. நோட்டில் தெரிந்தது இடைமறிப்புகள். ஒரு லைனிங் ரவிக்கை வெட்டித் தைக்க ஒன்றேமுக்கால் மணி நேரம் போதும். அவருக்கு அது மூன்றரை மணி நேரம் இழுத்தது. நடுவில் காபி, வந்தவருக்குத் தண்ணீர், மாமனாருக்கு மாத்திரை, கரண்ட் பில்காரர், பக்கத்து வீட்டுச் சாவி. நடையில் மிஷின் இருந்தால் அவர் வீட்டில் சும்மா இருப்பதாகத்தான் எல்லோருக்கும் கணக்கு. ஓசூரில் அவர் எதிர்பார்த்தது கம்பெனி வேலையை இல்லை. கதவு சாத்திய ஒரு இடத்தில் எட்டு மணி நேரம் யாரும் கூப்பிடாமல் இருப்பதை.

பட்டதாரியின் நோட்டில் வேலை குறைவு. மாமியார் சமையலறையை விடுவதில்லை. பகல் முழுக்க வெற்று நேரம், ஆனால் அந்த நேரத்தில் புத்தகத்தைத் திறந்தால் “படிச்சு என்ன கலெக்டர் ஆகப் போறியா” என்ற பேச்சு. ரேஷன் கார்டில் குடும்பத் தலைவி மாமியார் என்பதால் மாதம் ஆயிரம் ரூபாய் மகளிர் உரிமைத் தொகையும் மாமியாருக்கே. அந்தத் திட்டத்தின் விண்ணப்ப முகாமை முதல்வர் தொடங்கி வைத்தது, 2023 ஜூலையில், பக்கத்துத் தருமபுரி மாவட்டத்துத் தொப்பூரில்தான். ஒரு கார்டுக்கு ஒருவர் என்பதால் கூட்டுக் குடும்பத்து மருமகள் கையில் அது வருவதில்லை.

ஆக மூன்று பேருக்கும் ஒரே பஸ், மூன்று பேருக்கும் வெவ்வேறு காரணம். “மூணு பேருக்கும் புத்தி கெட்டுப்போச்சு” என்ற ஊரும் சரி, “மூவருக்கும் வேலைவாய்ப்புப் பயிற்சி” என்று எழுதப் பார்த்த எங்கள் முதல் குறிப்பும் சரி, இதைத் தவறவிட்டன.

குடும்பத்தோடு உட்கார்ந்தபோது

உட்காரும் வரிசை முக்கியம். முதலில் பெண் தனியாக, பிறகு மாமியார் தனியாக, அதன் பிறகு கணவர். மாமியாரைக் கடைசியில் கூப்பிடுவது நம் மையங்களில் நடக்கும் பெரிய பிழை. மருமகள் விட்டுப் போகும் அடுப்பு அவர் தலையில்தான் விழும். அந்தப் பயத்தைக் கேட்காமல் உரிமை பேசினால் எதிரியாகிவிடுவார். மாட்டுக்காரரின் மாமியார் சொன்னது: “நான் மருமவளா இருந்தப்ப இதே வேலதான். இப்ப கெழவியாகியும் இதே வேலையா?” நியாயமான கேள்வி. கணவரை அவருடைய அண்ணன் தம்பி முன்னால் வைத்துப் பேசக்கூடாது. பேசினால் அவர் மனைவிக்குப் பதில் சொல்லாமல் அண்ணனுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருப்பார்.

நேர நோட்டைக் கணவரையே வாசிக்கச் சொன்னோம். இரண்டாம் பக்கத்தில் நிறுத்திவிட்டு, “இதெல்லாம் எல்லா வீட்லயும் நடக்கறதுதானுங்களே” என்றார். நடக்கிறதுதான். அதை மறுக்கவில்லை. மேலே வாசியுங்கள் என்றோம்.

ஒப்பந்தம் எழுதும்போது ‘முடிஞ்சப்ப செய்யறேன்’ என்பதை ஏற்றுக்கொள்ளக்கூடாது. அது இரண்டாம் வாரம் நின்றுபோகும். ஆள், வேலை, மணி மூன்றும் இருக்க வேண்டும்: ‘சாயங்காலக் கறவை கணவர். ஐந்தரைக்குள். லோடு போன நாளில் தம்பி.’ முழு வேலையாகக் கைமாற வேண்டும். அரைகுறையாக மாற்றினால் மேற்பார்வை பெண்ணிடமே தங்கிவிடும். தீவனம் தீர்ந்ததா, கேன் கழுவியாச்சா என்று ஞாபகப்படுத்துவதும் வேலைதான்.

மூன்று வீட்டாரும் முதலில் வைத்த நிபந்தனை ஒன்றே: “அவளுங்களோட சேரக் கூடாது.” சொசைட்டிக்குப் பாலை இனி மாமனார் கொண்டுபோவார் என்றார்கள். வேலையைக் குறைக்கிற மாதிரி தெரியும். உண்மையில் அந்த இருபது நிமிடத்தைப் பறிப்பது. தோழிகள் சந்திப்பதைத் தடுத்தால் கோப்பை மூட மாட்டோம் என்று திட்டவட்டமாகச் சொல்ல வேண்டியிருந்தது. தனியாக விடப்பட்ட பெண் ஓடுவதில்லை என்பது குடும்பத்தாரின் நினைப்பு. மாட்டுக்காரரின் “ரெண்டும்தான்” என்ற பதிலைக் கேட்டவர்களுக்குத் தனிமையை நினைத்தால்தான் பயம்.

சட்டத்தை எங்கே எடுப்பது என்ற கேள்வி எழும். ‘வன்முறை இல்லை’ என்று பெண்ணே சொன்னாலும், 2005ம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்தின் மூன்றாம் பிரிவு பொருளாதார வன்முறையையும் சேர்த்தே சொல்கிறது. அந்தச் சட்டத்தின் குடும்ப நிகழ்வு அறிக்கைப் படிவத்தில், வேலைக்குப் போகவிடாமல் தடுப்பதும் சம்பளத்தைப் பிடுங்கிக்கொள்வதும் தனித்தனி வரிகளாகவே இருக்கின்றன. 17ம் பிரிவு, பகிர்ந்து வாழும் வீட்டில் குடியிருக்கும் உரிமையைத் தருகிறது. ஓசூர் போய் வந்தாள் என்பதற்காக வாசலில் நிறுத்த முடியாது. வீட்டு வேலையால் மனைவியும் சொத்து சேரக் காரணமாகிறார் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2023 ஜூனில் தீர்ப்பளித்தது. இந்த மூன்று குடும்பத்திலும் இவற்றை எடுத்துச் சொன்னோம். வழக்குப் போடவில்லை, பெண்கள் வேண்டாம் என்றார்கள். பட்டதாரியின் வீட்டில் மட்டும் ஒரு நாள் அடகுச் சீட்டைப் பிடுங்கியபோது, கம்மல் அவருடைய சீதனம், தனிச் சொத்து என்று அழுத்திச் சொல்ல வேண்டியிருந்தது. சீட்டு அன்று மாலையே திரும்பி வந்தது.

வெளியூர் போவதென்று முடிவு செய்கிறவர்களுக்கு இரண்டு காரியம். பதினெட்டு தாண்டியவர் எங்கே இருக்க விரும்புகிறாரோ அங்கே இருக்கலாம். போலீஸ் கண்டுபிடித்தாலும் கட்டாயப்படுத்தி வீட்டில் விட முடியாது. ஆனாலும் போகும் முன்பே ‘என் விருப்பத்தில் போகிறேன்’ என்று கையெழுத்திட்ட கடிதத்தைக் காவல் நிலையத்துக்கு ஸ்பீடு போஸ்டில் அனுப்பி ரசீதை வைத்துக்கொண்டால், ‘காணவில்லை’ புகாரும் அதோடு கிளம்பும் கதைகளும் பாதி குறையும். இரண்டாவது, குழுக்கடன். தவணை நாளுக்கு முன்பே கட்டிவிட்டு ரசீதைக் குழுத் தலைவியிடம் கொடுத்துவிட்டுத்தான் கிளம்ப வேண்டும். ரிசர்வ் வங்கியின் 2022 விதிகளின்படி சிறுகடனை முன்கூட்டியே அடைக்க அபராதம் கிடையாது. தவணை வாங்குவதற்கென்று பேசிய இடத்துக்குத் தொடர்ந்து இரண்டு முறையாவது வராமல் போனால்தான் வசூல் பணியாளர் வீட்டுக்கு வரலாம். விதி கம்பெனிக்காரரைத்தான் கட்டுப்படுத்தும். வாசலில் வந்து நிற்பவர்கள் பக்கத்து வீட்டு அக்காக்களாக இருக்கும்போது அதனால் பயனில்லை. மூன்று பேரும் திரும்பி வந்து முதலில் போனது அந்த ஏழு வீட்டுக்குத்தான். காசைக் கொடுத்துவிட்டு வந்தார்கள்.

தொழிற்சாலை, ஐந்து வாரம்

மாட்டுக்காரர் பத்தாம் வகுப்புச் சான்றிதழை மாமியாரிடம் வாங்கிக்கொண்டு, பக்கத்துத் தொழிற்பேட்டையில் ஒரு காலணித் தொழிற்சாலையில் சேர்ந்தார். கம்பெனி வேன் ஆறே முக்காலுக்கு. மொத்தச் சம்பளம் 14,000. பி.எஃப். 1,440, இ.எஸ்.ஐ. முக்கால் சதவீதம் 105, கேன்டீன் 600 போகக் கையில் 11,855. ஐந்தாம் வாரம் நின்றுவிட்டார்.

ஊர் “அவளால முடியல” என்றது. நோட்டைப் பார்த்தால் காரணம் தெரியும். ஒப்பந்தத்தில் சாயங்காலக் கறவை கைமாறியிருந்தது, விடிகாலை மாறவில்லை. ஆறே முக்கால் வேனுக்காக 4.40 என்பது 3.20 ஆனது. புல் அறுப்பு ஞாயிற்றுக்கிழமைக்குத் தள்ளப்பட்டு, வாரம் முழுக்க மாடு வைக்கோலில் நின்றது. பால் 14லிருந்து 10 லிட்டருக்கு இறங்கியது. மாதம் 4,000க்கு மேல் நட்டம் என்று கணவர் கணக்குக் காட்டினார். ஆறு மணி நேர மாட்டு வேலைக்குக் கூலி போட்டுப் பார்க்கச் சொன்னபோது பேச்சை மாற்றினார்.

இதைவிட மோசமானது பள்ளியில் தெரிந்தது. ஏழாம் வகுப்பு படிக்கும் மூத்த மகள் மூன்றாம் வாரத்தில் இரண்டு நாள் வரவில்லை, இரண்டு நாள் தாமதம். தாயின் அடுப்படி சத்தமில்லாமல் மகளிடம் போயிருந்தது. கணவர் எடுக்காத வேலையை மாமியார் எடுப்பார், மாமியாரால் முடியாதது மகளுக்குப் போகும். பள்ளி விட்டு நிற்கும் பெண் பிள்ளைக்கு அடுத்து மாப்பிள்ளை பார்ப்பார்கள். குழந்தைத் திருமணத்தோடு இன்னும் மல்லுக்கட்டும் இந்த இரண்டு மாவட்டத்திலும் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டும். ஆகவே தாய் வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் வாரம் மகளின் வருகைப் பதிவைப் பார்ப்பது எங்கள் பின்தொடர்தலில் இப்போது கட்டாயம்.

இரண்டாம் முயற்சிக்கு முன்பு இரண்டில் ஒரு மாட்டைப் போச்சம்பள்ளி ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் விற்றார்கள். அந்தப் பணத்தில் குழுக்கடனின் மீதி அடைந்தது. சொசைட்டி உறுப்பினர் பெயர் மாற்றத்துக்கு எழுதிக் கொடுத்தார்கள். பணம் இப்போது அவருடைய கணக்கில். வெளியே போய் அறுக்கும் புல்லுக்குப் பதில் வரப்போரம் கோ-4 தீவனப்புல் நட்டதில் அறுப்பு இரண்டு மணியிலிருந்து அரை மணியாகக் குறைந்தது. மாட்டு வேலை மொத்தம் இரண்டேகால் மணி நேரம், அதில் சாயங்காலப் பாதி கணவருடையது. இன்னும் கம்பெனிக்குத் திரும்பவில்லை. பகலில் மூன்று மணி நேரம் சும்மா இருக்கிறார், அதை வேலையால் நிரப்ப அவருக்கு இப்போதைக்கு விருப்பமில்லை. எங்கள் பதிவேட்டில் இதை ‘முன்னேற்றம்’ என்ற கட்டத்தில் போட முடியாது என்று மேலதிகாரிகள் சொன்னார்கள். போட்டோம்.

மற்ற இருவர்

டைலர் அக்காவின் காரியம் சீக்கிரம் முடிந்தது. போச்சம்பள்ளி போகும் சாலையில் பத்துக்கு எட்டு அடிக் கடை, வாடகை 1,800, அட்வான்ஸ் 15,000. வீட்டிலிருந்து பத்து நிமிட நடை. காலை ஒன்பதரை முதல் ஐந்து வரை. “கடையில சும்மா இருக்கா” என்று யாரும் சொல்ல முடியாது. முதல் மாதம் மாமனார் மாத்திரை கேட்டு இரண்டு தடவை கடைக்கே வந்தார். பிறகு மாத்திரை டப்பாவில் நாள்வாரியாகப் பிரித்து வைத்தபின் நின்றது. அரசுப் பள்ளிச் சீருடை தைக்கும் மகளிர் தையல் கூட்டுறவுச் சங்கத்தில் உறுப்பினராக விண்ணப்பித்திருக்கிறார். சீருடை வேலை பருவத்துக்கு வரும், கூலியும் குறைவு. ரவிக்கை இல்லாத ஆடி மாதத்துக்கு அது கைகொடுக்கும் என்பது அவர் கணக்கு.

பட்டதாரி குழந்தையோடு தருமபுரிப் பக்கம் தாய்வீட்டில் இருக்கிறார். கம்பெனி பஸ்ஸில் ஓசூர் போய்வர முடியாத தூரம் என்பதால் அந்த எண்ணத்தை விட்டு, மாவட்ட வேலைவாய்ப்பு அலுவலகத்தின் தன்னார்வப் பயிலும் வட்டத்தில் குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறார். அந்த வகுப்புக்குக் கட்டணம் இல்லை, டவுன் பஸ்ஸும் இலவசம். ரேஷன் கார்டில் பெயரை நீக்க வேண்டாம் என்றோம்: மாநிலத்துக்குள் எந்தக் கடையிலும் கைரேகை வைத்து வாங்கலாம், நீக்கினால் புதுக் கார்டு வரும்வரை இரண்டும் இல்லாமல் நிற்க நேரும். கணவர் ஞாயிறுதோறும் வருகிறார், குழந்தைக்கு மாம்பழமோ பிஸ்கட்டோ வாங்கி வருகிறார், மாலையில் போகிறார். விவாகரத்து என்று யாரும் பேசவில்லை, எப்போது திரும்புவாய் என்று அவரும் கேட்பதில்லை. கோப்பு திறந்தே இருக்கிறது. குழந்தையின் பிறப்புச் சான்றிதழ் அசல் கணவர் வீட்டில் இருக்க, ஆன்லைனில் இறக்கிய நகலை வைத்து ஜூன் மாத எல்.கே.ஜி. சேர்க்கைக்கு விண்ணப்பம் போட்டாயிற்று. முகவரி என்ற இடத்தில் எந்த ஊரை எழுதுவது என்று இருவரும் சேர்ந்து வந்து கேட்டார்கள். படிக்கப்போகும் ஊரை எழுதச் சொன்னோம்.